அப்பாவுக்கு ஒரு முழுக் கிளாஸ்

எங்கள் குடும்பத்தில் நான் எதை ஊற்றிக் கொடுத்தாலும் யாரும் உடனே குடிப்பதில்லை. கிளாஸை வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார்கள், மூக்கில் வைத்து மணந்து பார்ப்பார்கள், பிறகு ஒருவரையொருவர் பார்ப்பார்கள். வெறும் தண்ணீருக்கும் இதே மரியாதைதான். (பைப்பில் பிடித்த தண்ணீர் என்று சத்தியம் செய்தாலும் அக்கா நம்பமாட்டாள்.) எனக்கு அதில் கோபம் இல்லை. ஒரு காலத்தில் நான் வீட்டில் கொக்டெயில் கலக்கிற கலைஞனாக இருந்தேன் என்பதும், அந்தக் காலம் ஒரே ஒரு பகலோடு முடிந்துவிட்டது என்பதும் அவர்களுக்கு நன்றாகத் தெரியும்.

அப்போது எனக்கு முப்பது வயது இருக்கும். காப்புறுதி அலுவலகம் ஒன்றில் வேலை, கொட்டாஞ்சேனையில் அப்பா அம்மாவோடு இருப்பு, கலியாணம் இன்னும் ஆகவில்லை. இப்படிப்பட்டவர்களுக்குப் போன்தான் தோழன். அதில் தாடி வைத்த ஆண்கள் பழச்சாறை ஒரு வெள்ளிக் குடுவையில் ஊற்றி, காதுக்குப் பக்கத்தில் வைத்துக் குலுக்கி, உயரத்திலிருந்து ஊற்றுவதை இரவும் பகலும் பார்த்தேன். பார்த்துப் பார்த்து எனக்கும் கை துடித்தது. புறக்கோட்டையில் போய் ஒரு குடுவை வாங்கி வந்தேன். முதல் முறை குலுக்கியபோது மூடி கழன்று, அன்னாசிச் சாறு சுவரில் இருந்த மாதா படத்தில் போய் விழுந்தது. அம்மா மாதாவின் முகத்தைத் துடைத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையோடு நான் நிறுத்தியிருக்க வேண்டும்.

நிறுத்தாததற்குக் காரணம் அப்பா. அப்பா துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்ற கையோடு அவருடைய சிறுநீரகங்களும் ஓய்வு பெற்றுவிட்டன. கிழமைக்கு இரண்டு தரம் ஆஸ்பத்திரிக்குப் போய் இரத்தம் சுத்தம் செய்ய வேண்டும். ஊசி, மெஷின், படுக்கை எல்லாவற்றையும் அவர் சகித்துக்கொண்டார். சகிக்க முடியாமல் இருந்தது தாகம். அம்மா காலையில் ஒரு சின்னப் போத்தலில் தண்ணீர் நிரப்பி மேசையில் வைப்பார். அன்றைக்கு அவ்வளவுதான். மாத்திரை விழுங்குவதும் அதில், தேத்தண்ணியும் அதில். ஏப்ரல் மாத வெயிலில் எங்கள் தகரக் கூரைக்குக் கீழே இருந்து பார்த்தால்தான் அந்தப் போத்தலின் அளவு விளங்கும்.

"வேலை செய்த காலத்தில எவ்வளவு தண்ணியைப் பாத்தாச்சு. என்ர பங்கு அதோட முடிஞ்சுது," என்று அப்பா வருகிறவர்களுக்குச் சொல்வார். அவர்கள் சிரிப்பார்கள். அவர்கள் எழும்பிப் போன பிறகு, மிச்சம் விட்டுப்போன தேத்தண்ணிக் கோப்பையை அவர் பார்த்துக்கொண்டிருப்பார். எனக்கு அதைப் பார்க்க முடியாது. எழும்பிப் போய் கோப்பைகளை எடுத்துவிடுவேன்.

அப்படியிருக்க அம்மா அப்பாவின் கலியாண நாள் வந்தது. எங்கள் வீடுகளில் கேக் வெட்டினால் மட்டும் போதாது, எல்லாரும் கிளாஸைத் தூக்கி வாழ்த்துச் சொல்லிக் குடிக்கவும் வேண்டும். முந்தைய வருடம் அப்பா வெறும் கிளாஸைத் தூக்கினார். மற்றவர்கள் குடித்து முடிக்கும்வரை அதை உதட்டில் வைத்துக்கொண்டு நின்றார். (நல்ல நடிகர். தொண்டைகூட அசைந்தது.) இந்த முறை அது நடக்கக் கூடாது என்று தீர்மானித்து அவரிடம் போனேன்.

"அப்பா, உங்களுக்கு என்ன வேணும் சொல்லுங்கோ."

"ஒரு கிளாஸ். முழுசா. நல்ல குளிரா. கொம்மா பக்கத்தில நிண்டு அளக்கக்கூடாது."

அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தோம். காலையிலிருந்து அப்பா வாய் நனைக்கமாட்டார். அன்றைய தண்ணீர் முழுவதும் ஒரே கிளாஸில், வாழ்த்து நேரத்தில். அம்மா ஒரு நிபந்தனையோடு சம்மதித்தார்: சாராயம் ஒரு சொட்டும் படக்கூடாது. வீட்டிலிருந்த சாராயப் போத்தலை அக்காவின் புருசன், எங்கள் அத்தானிடம் ஒப்படைத்து, அவர் அதைத் தன் கதிரைக்குக் கீழே வைத்துக் காவல் இருக்க வேண்டும் என்றும் உத்தரவு. அத்தான் அந்தப் பொறுப்பை மிகவும் பயபக்தியோடு ஏற்றுக்கொண்டார்.

சிறுநீரக நோயாளிகளுக்கு எந்தப் பழம் ஆகாது என்று எனக்குத் தெரியும். தெரியும் என்று நினைத்திருந்தேன். தம்பிலி இளநீர் ஆகாது, வாழைப்பழம் ஆகாது, ஆரஞ்சுத் தோடம்பழம் ஆகாது. ஆகவே அன்னாசி, கொஞ்சம் தேசிக்காய்ப் புளி, புதினா, இஞ்சி என்று முடிவு செய்தேன். ஆனால் கிளாஸின் விளிம்பில் குத்தி வைக்க ஒரு வட்டத் துண்டு வேண்டுமே. காணொளியில் தோடம்பழத்தைத்தான் குத்துவார்கள். அழகில்லாமல் ஒரு கொக்டெயிலா? அலுவலகத்தில் நிமால் என்று ஒரு சிங்கள நண்பன் இருந்தான். களனியில் அவன் வீட்டு முற்றத்தில் காமரங்கா மரம். குறுக்கே வெட்டினால் ஐந்து முனையோடு நட்சத்திரமாக வரும் அந்த மஞ்சள் பழத்தை ஒரு பை நிறையக் கொண்டுவந்து தந்தான். பார்த்ததும் எனக்குத் தலைகால் புரியவில்லை. நட்சத்திரங்களை விளிம்பில் குத்தினேன். மிச்சப் பழம் முழுவதையும் பிழிந்து சாறையும் சேர்த்தேன். ஆகாத பழங்களில் காமரங்காவை யாரும் எனக்குச் சொல்லவில்லை. நான் யாரிடமும் கேட்கவில்லை என்பது வேறு கதை.

மத்தியானம் கேக் வெட்டினார்கள். நான் குடுவையைக் காதுக்குப் பக்கத்தில் வைத்து (இந்த முறை மூடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு) குலுக்கி, உயரத்திலிருந்து ஊற்றினேன். அப்பா கிளாஸை இரண்டு கையாலும் வாங்கினார். அம்மாவின் கிளாஸில் மெல்லத் தட்டினார். பிறகு குடித்தார். நிறுத்தவேயில்லை. கண்ணை மூடிக்கொண்டு அடிவரைக்கும் குடித்து, விளிம்பில் இருந்த நட்சத்திரத்தையும் எடுத்து மென்று விழுங்கிவிட்டு, "மகனே, நீ பிழைச்சுக்கொள்ளுவாய்," என்றார். என் வாழ்நாளில் எனக்குக் கிடைத்த ஒரே நற்சான்று அது. நான் ஹோல் முழுக்க நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடந்தேன்.

சாப்பாடு முடிந்து, பின்னேரம் பாட்டுக் கச்சேரி தொடங்கியபோது அப்பாவுக்கு விக்கல் வந்தது.

விக்கல் வந்தால் தமிழ் வீட்டில் யாராவது டொக்டரைத் தேடுவார்களா? "ஆரோ நினைக்கினம்," என்றாள் அக்கா. நினைக்கிறவரின் பெயரைச் சரியாகச் சொன்னால் நின்றுவிடும் அல்லவா, ஆளாளுக்குப் பெயர் சொல்லத் தொடங்கினார்கள். கனடாவில் இருக்கும் அன்ரியைச் சொன்னார்கள். நிற்கவில்லை. சந்தேகத்தைத் தீர்க்க அன்ரிக்கே வீடியோ கோல் எடுத்தார்கள். அங்கே அப்போதுதான் விடிந்திருந்தது. "ஓம், நான்தான் நினைச்சனான்," என்று அன்ரி கண்ணைக் கசக்கிக்கொண்டு குற்றத்தை ஒப்புக்கொண்டார். அப்போதும் நிற்கவில்லை. அத்தான் அப்பாவின் பழைய மேலதிகாரியின் பெயரைச் சொன்னார். "அவன் ஏன் என்னை நினைக்கிறான்," என்று விக்கலுக்கு நடுவே அப்பா கேட்டார்.

பிறகு அப்பா கதைக்கத் தொடங்கினார். கதை ஒன்றோடொன்று சேரவில்லை. அக்காவைப் பார்த்து, "கிரேனை இறக்கச் சொல்லு, மழை வருது," என்றார். வீடே வெடித்துச் சிரித்தது.

அம்மா என்னிடம் திரும்பினார். "உண்மையைச் சொல்லு. நீ சாராயம் ஊத்தினனியா?"

"சத்தியமா இல்லை அம்மா. போத்தல் அத்தானிட்ட."

எல்லாரும் அத்தானைப் பார்த்தார்கள். அத்தான் குனிந்து போத்தலை எடுத்தார். அதில் கணிசமாகக் குறைந்திருந்தது. அது போன இடம் அத்தானின் முகத்திலேயே தெரிந்தது, ஆனால் பழி என் மேல்தான் விழுந்தது. நோய்க்கார மனுசனுக்குக் களவாகச் சாராயம் கொடுத்த மகன். அம்மா திட்டத் தொடங்கினார், பாதியில் அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. அப்பாவின் சிறுநீரக வருத்தம் தொடங்கிய பிறகு அம்மா அப்படிச் சிரித்து நான் கண்டதில்லை. கண்ணீர் வரச் சிரித்தார்.

அப்பா என் பக்கம் திரும்பி, மிகவும் மரியாதையாக, "மிஸ்டர், நீங்கள் எந்த செக்‌ஷன்?" என்று கேட்டார். அதற்கும் சிரித்தோம். நானும் சிரித்தேன். "எக்ஸ்போர்ட் செக்‌ஷன் சேர்," என்று சல்யூட் வேறு அடித்தேன். அவர் என்னை உற்றுப் பார்த்தார். உண்மையாகவே அவருக்கு நான் யார் என்று தெரியவில்லை. அது தெரியாமல் நான் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன்.

முதலில் சிரிப்பை நிறுத்தியவள் அக்கா. அப்பாவின் முகத்துக்குக் கிட்டப் போய் மணந்து பார்த்தாள். இன்னொரு தரமும் மணந்தாள்.

"சாராயம் மணக்கேல்லையடா," என்றாள்.

எந்த வீட்டிலும் அந்தச் செய்தி கேட்டு சந்தோஷப்படுவார்கள். நான் செருப்பும் போடாமல் றோட்டுக்கு ஓடினேன்.

திரீவீலரில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். வாசலில் இருந்தவருக்கும் குடித்துவிட்டு வந்த கேஸ் என்றுதான் தோன்றியது. "பீலா நே, மாத்தயா, பீலா நே," குடிக்கவில்லை ஐயா, குடிக்கவில்லை என்று அம்மா தனக்குத் தெரிந்த சிங்களத்தில் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டே வந்தார். இளம் டொக்டர் ஒருவர் என்ன கொடுத்தீர்கள் என்று கேட்டார். நான் அன்னாசி, தேசிக்காய், புதினா, இஞ்சி என்று ஹோட்டல் வெயிட்டர் மாதிரி ஒப்பித்தேன். கடைசியாக, "காமரங்கா," என்றேன். அவர் எழுதுவதை நிறுத்திவிட்டு நர்ஸைக் கூப்பிட்டார். நல்ல சிறுநீரகம் உள்ளவர்கள் அந்தப் பழத்தைச் சும்மா சாப்பிடலாமாம். அப்பா மாதிரியானவர்களுக்கு அது நஞ்சு, நேரே மூளைக்கு ஏறும், விக்கல்தான் முதல் அடையாளம் என்று அவர் போகிற போக்கில் சொன்னார். எத்தனை பெயர் சொல்லி அந்த விக்கலை நாங்கள் நிறுத்தப் பார்த்தோம்.

அப்பாவை மெஷினில் போட்டார்கள். திரும்பத் திரும்பப் போட்டார்கள். நான் வெளியே வாங்குப் பலகையில் இருந்தேன், யாரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம் என்று பட்டது. கடைசியில் ஒரு நாள் காலை அப்பா கண்ணைத் திறந்து, என்னை என் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். நான் அழத் தொடங்க, "சும்மா இரடா. சாமான் நல்லாத்தான் இருந்தது. சீனி மட்டும் கொஞ்சம் காணாது," என்றார்.

அந்த முறை அப்பா பிழைத்தார். அடுத்த வருடம் மழைக்காலத்தில், மாரடைப்பில் போனார். அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று டொக்டர் சொன்னார். நான் இரண்டு தரம் கேட்டேன், இரண்டு தரமும் அதையேதான் சொன்னார்.

செத்த வீட்டில் அப்பாவோடு துறைமுகத்தில் வேலை செய்த சேவியர் அங்கிள் என் கையைப் பிடித்துக்கொண்டார். கலியாண நாளுக்கு அவர் வரவில்லை, ஆஸ்பத்திரியில்தான் வந்து பார்த்தவர்.

"உம்மட அப்பா எல்லாம் சொன்னவர். அழகுக்கு வச்ச பழத்தை நீர் தொட வேண்டாம் எண்டு சொல்லியும், களவாத் திண்டவராமே. கையைக்கூடப் பிடிச்சனீராம். கேட்டாரா மனுசன்?"

எனக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு விளங்கியது. அப்பா இதை அங்கிளுக்கு மட்டும் சொல்லவில்லை. வோர்ட்டில் இருந்த நர்ஸ்மாருக்கும், பங்குச் சுவாமிக்கும், தலைமயிர் வெட்டுகிறவருக்கும் சொல்லியிருந்தார். ஒரு வருடமாக வீடு வீடாகத் தன்னைத் திருடனாக்கிக்கொண்டு திரிந்திருக்கிறார். நான் பெட்டியில் கிடந்தவரைப் பார்த்துவிட்டு, "இல்லை அங்கிள், கேக்கேல்லை," என்றேன்.

இப்போது எங்கள் வீட்டில் சொல்லப்படுவது அந்தக் கதைதான். போன கிறிஸ்மசுக்கு அக்காவின் மகள் தன் சிநேகிதிகளுக்கு அதை நடித்தே காட்டினாள். தாத்தா இந்தப் பக்கம் பார்ப்பார், அந்தப் பக்கம் பார்ப்பார், மாமா தடுக்கத் தடுக்க நட்சத்திரத்தை டபக்கென்று வாயில் போடுவார். பிள்ளைகள் உருண்டு சிரித்தார்கள். எனக்குத் தாங்கவில்லை. "அப்படி இல்லை பிள்ளை, அதைப் பிழிஞ்சு குடுத்தது..." என்று தொடங்கினேன்.

"உனக்கு மறந்துபோச்சு," என்று அம்மா குறுக்கே விழுந்தார். என் தட்டில் சோற்றைப் போட்டுக்கொண்டே, "நீ வேண்டாம் எண்டுதானே சொன்னனீ. நான் பக்கத்தில நிண்டு கேட்டனான்," என்றார்.

அன்றைக்குக் குசினியில் நான் பழத்தைப் பிழியப் பிழிய, வடிதட்டைப் பிடித்துக்கொண்டு நின்றது அம்மாதான்.

"ஓம் அம்மா," என்றேன். "சொன்னனான்."