வெள்ளிக்கிழமை விழுந்த முத்திரை

மலேசியாவின் ஜோகூரில் பிறந்து வளர்ந்த ஒருத்தி, அங்கே வெள்ளிக்கிழமை அரசாங்க விடுமுறை என்பதை மறந்துபோய் நீதிமன்றம் வரை போனாள். அந்த ஒருத்தி நான்தான். (இப்போது விடுமுறையைச் சனி, ஞாயிறுக்கு மாற்றிவிட்டார்கள். என் வழக்கால் அல்ல.)

வெள்ளி வேலை நாளாக இருக்கும் பினாங்கில் நான்கு வருடம் படித்த பழக்கம். ஆசிரியர் வேலைக்கான விண்ணப்பத்தை நேரில் கொடுக்கக் கடைசி நாள் வெள்ளி என்று அறிவிப்பில் இருந்தது. எதையும் கடைசி நாளில் செய்யும் நான், லாபிஸிலிருந்து இரண்டு பஸ் மாறி பத்து பகாட் நகரின் கல்வி அலுவலகத்தை அடைந்தபோது மதியம் ஒன்றரை மணி.

காவலாளியின் நாற்காலி காலி. பக்கவாட்டுக் கதவு மட்டும் திறந்திருந்தது. உள்ளே விளக்கு இல்லை. ஒரே ஒரு மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அதன் கீழே, கடைசி கவுண்டரில், டை கட்டிய ஒரு பெரியவர்.

"நம்பர் எடுத்துட்டு ஒக்காரும்மா," என்றார் தமிழில்.

கம்பியில் தொங்கிய அட்டையில் தூசு படிந்திருந்தது. பதினேழு. உட்கார்ந்தேன். அவர் கூப்பிட ஆரம்பித்தார்.

"நம்பர் ஒன்னு."

யாரும் இல்லை. அவர் என் பக்கத்துக் காலி நாற்காலியைப் பார்த்தார். அங்கிருந்து யாரோ எழுந்து வருவதைப் போல அவர் பார்வை மெல்ல நகர்ந்து கவுண்டருக்கு வந்தது. தலையசைத்தார். ஒரு தாளில் முத்திரை குத்தினார். "நம்பர் ரெண்டு."

பதினாறு வரை இப்படியே நடந்தது. ஓடியிருக்கலாம். (வேலை வேண்டுமே.) என் முறை வந்ததும் கோப்பை நீட்டினேன். ஒவ்வொரு சான்றிதழையும் விரலால் தடவிப் பார்த்து, முத்திரை போட்ட ரசீதைக் கொடுத்தார்.

"போஸ்டிங் வரும்மா. கவலப்படாத."

இரண்டு மாதத்தில் வந்தது வேறு கடிதம். கெடுவுக்குள் விண்ணப்பம் கிடைக்கவில்லையாம். ரசீதோடு ஓடினேன். கவுண்டரில் இருந்த மலாய்ப் பெண் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். வெள்ளிக்கிழமை விடுமுறை என்றாள். ரசீதில் இருப்பது பல வருடத்துக்கு முன் கைவிடப்பட்ட முத்திரை என்றாள். நான் காட்டிய கடைசி கவுண்டரில் யாருமே உட்காருவதில்லை என்றாள். பிறகு தன் நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் நகர்த்திக்கொண்டாள்.

"பேய்கிட்ட ஃபாரத்தக் குடுத்துட்டு வந்திருக்கா," என்று அம்மா அன்றே கோயிலுக்கு அழைத்துப் போனார்.

கோயிலுக்கு அடுத்து வக்கீல். பெயர் ஜமால்.

"கடைசி நாள் லீவுல விழுந்தா, அடுத்த வேல நாள்ல குடுக்கலாம்னு வாதாடலாம் சிஸ்டர். ஆனா நீங்க அப்பவும் குடுக்கலையே."

"அதான் வெள்ளிக்கிழமையே குடுத்துட்டேனே சார்."

"யார்கிட்ட?"

சத்தியப் பத்திரத்தில் 'அனுபவம் மிக்க மூத்த அதிகாரி' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

விசாரணை அன்று காவலாளியும் ஒரு பெண்மணியும் சாட்சிகளாக வந்தார்கள். அந்தப் பெண்மணியின் அப்பா ராஜகோபால், அந்த அலுவலகத்தில் கிராணியாக, அதாவது குமாஸ்தாவாக, இருந்து ஓய்வு பெற்றவர். நினைவு தடுமாறுகிறது, வெள்ளிக்கிழமையானால் வேலைக்குக் கிளம்பிவிடுவார். காவலாளி பாவம் பார்த்து, தொழுகைக்குப் போகும் நேரத்தில் கதவைத் திறந்து வைத்திருக்கிறார்.

பெண்மணி ஒரு பையைத் திறந்தார். என் கோப்பு கசங்காமல் இருந்தது. அதன் மேலே முத்திரை குத்திய பதினாறு வெற்றுத் தாள்கள், ஒவ்வொன்றின் மூலையிலும் நம்பர்.

ஆளில்லாத நாற்காலிகளை அவர் கூப்பிட்டபோது உங்களுக்குச் சந்தேகம் வரவில்லையா என்று நீதிபதி கேட்டார். அரசாங்க அலுவலகம் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்தேன் என்றேன். நீதிபதி குனிந்து எதையோ எழுதினார். தோள் மட்டும் குலுங்கியது. ஜமால் கண்ணை மூடிக்கொண்டார். வழக்கு தோற்றது.

ஒரு மாதம் கழித்து அந்தப் பெண்மணி போன் செய்தார். "சிஸ்டர், லாபிஸ் பொண்ணுக்கு போஸ்டிங் வந்துச்சான்னு அப்பா தெனமும் கேக்கறாரு. சாப்பிட மாட்டேங்கறாரு. ஒரு தடவ வந்துட்டுப் போறீங்களா?"

அம்மாவும் கூட வந்தார். பெரியவர் அறையில் டையோடு உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும், "பதினேழு. வந்துருச்சா?" என்றார்.

நான் அம்மாவைப் பார்த்தேன். அம்மாதான் சொன்னார்: "வந்துருச்சுங்க. ஒங்களாலதான்."

அவர் முகம் தெளிந்தது. "மத்த பதினாறு பேருக்கும் வந்துருச்சும்மா. நன்றி சொல்ல வந்து வெளிய ஒக்காந்திருக்காங்க. பாத்துப் போங்க."

கூடத்தில் ஒருவரும் இல்லை. ஆனாலும் அம்மா என் கையை இறுகப் பிடித்துக்கொண்டு, சோபாவின் மேல் சேலை பட்டுவிடாமல் சுவரோரமாகவே நடந்து வாசலுக்கு வந்தார். நானும்தான்.

அடுத்த வருடம் கெடுவுக்கு ஒரு வாரம் முன்பே விண்ணப்பித்து, சிம்பாங் ரெங்கம் பக்கம் ஒரு தமிழ்ப்பள்ளியில் சேர்ந்தேன். பணிப் பதிவேட்டில் அந்தத் தேதிதான் இருக்கிறது. எங்கள் வீட்டில் மட்டும் கணக்கு வேறு. யாராவது என் சர்வீஸைக் கேட்டால், அம்மா ஒரு வருடம் கூட்டித்தான் சொல்வார்.

"மொத போஸ்டிங் ராஜகோபால் சார் குடுத்ததுல்ல, அதையும் சேக்கணும்."