கல் காயும் வரை

மனிதர்களில் ஆயத்தர் என்றொரு இனம் உண்டு. காட்டில் போய்த் தேட வேண்டாம். உங்கள் தெருவிலேயே இரண்டு பேர் இருப்பார்கள். ஒரு காரியத்தைச் செய்வதற்கு முன்னால் செய்ய வேண்டியதையெல்லாம் செய்து, அதற்கும் முன்னால் என்னென்ன செய்ய வேண்டும் என்று தேடிப் பிடித்து அதையும் செய்து, அந்தக் களைப்பில் காரியத்தை மட்டும் செய்யாமல் விட்டுவிடுகிறவர்கள். யோகாவுக்கு ஒரு பாய் வாங்குவார்கள், பாய்க்கு உறை வாங்குவார்கள், உறையை மாட்டச் சுவரில் ஆணி அடிப்பார்கள், அப்பாடா என்று கட்டிலில் சாய்ந்துவிடுவார்கள். சோம்பேறிகள் என்கிறீர்களா? அபாண்டம். அவர்களைப் போல உழைக்க யாராலும் முடியாது. வேலைதான் நடக்காது.

திருச்சி புத்தூரில் குடியிருக்கும் பீமராவ் இந்த இனத்தின் முதல்தரமான உருப்படி. காப்பீட்டு அலுவலகத்தில் முப்பத்தோரு வருஷம் இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்ற மறுமாதம் செல்போனில் ஒரு வீடியோ பார்த்தார். அமெரிக்காவில் ஒரு தாடிக்காரர், கட்டில் அகலத்துக்கு ஓர் இரும்புத் தகட்டை அடுப்பின்மேல் போட்டு, தன் வீட்டுக் கொல்லையில் பத்துப் பேருக்கு ஒரே சமயத்தில் சமைத்துக்கொண்டிருந்தார். பீமராவுக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. நம் மொட்டை மாடியில் இப்படி ஒரு கல் இருந்தால்? ஒரே சமயத்தில் எட்டு தோசை!

"நாம ரெண்டே பேர்தானே இருக்கோம். மிச்சம் ஆறு யாருக்கு?" என்று கேட்டார் அவர் மனைவி பிரேமலதா. மகள் சுபஸ்ரீ பெங்களூரில் வேலையில் இருக்கிறாள்.

கேள்வி நியாயமானது. ஆகவே பீமராவ் ஒரு நோட்டு வாங்கக் கிளம்பிவிட்டார்.

முதல் மூன்று வாரம் ஹிபாச்சியில் போயிற்று. ஹிபாச்சி என்பது ஜப்பான்காரர்களின் சின்னக் கரி அடுப்பு. அதன் வரலாறு, அதில் போடும் கரியின் ஜாதி, காற்று நுழையும் ஓட்டையின் அளவு எல்லாவற்றையும் நோட்டில் எழுதி, படமும் வரைந்து மனைவியிடம் காட்டினார். பிரேமலதா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார். "இது நம்ம குமுட்டி அடுப்புதானேங்க? பரண்ல ஒண்ணு கெடக்கே. எடுத்துத் தரட்டுமா?"

ஜப்பான் அத்தோடு ஒழிந்தது.

அதன்பிறகு தட்டைக் கல்தான் என்று முடிவாகி, பெரிய கடைவீதியில் அப்துல் ரஹீமின் இரும்புக் கடைக்கு நடையாய் நடந்தார். போகும்போதெல்லாம் ஒவ்வொரு தகட்டையும் தர்பூசணி வாங்குகிறவர் போல விரலால் தட்டி, காதை வைத்துக் கேட்பார்.

"பாய், இது ஆறு மில்லியா, எட்டு மில்லியா?"

"ஆறு சார்."

"எட்டு எடுத்தா?"

"கனமா இருக்கும் சார்."

"ஆறு எடுத்தா?"

"கனம் கம்மியா இருக்கும் சார்."

"நீங்க என்ன சொல்றீங்க?"

"ஏதாவது ஒண்ணை எடுங்கன்னு ஒன்பது தடவையா சொல்லிட்டிருக்கேன் சார்."

பத்தாவது தடவைக்கு ரஹீம் பாய் காத்திருக்கவில்லை. ஆறு மில்லித் தகடு ஒன்றை, நாலு பக்கமும் விளிம்பு வைத்து, எண்ணெய் வடிய ஒரு தட்டும் மூன்று பர்னரும் கால்களும் பொருத்தி, லோடு ஆட்டோவில் அவரே புத்தூருக்கு அனுப்பிவிட்டார். கூடவே ஒரு போன். "பிடிக்கலைன்னா திருப்பி அனுப்பிடுங்க சார். நீங்க மட்டும் கடைக்கு வராதீங்க, அல்லாவுக்காக!"

கல் மாடி ஏறிவிட்டது. இனித் தோசைதானே என்று நினைக்கிறீர்கள். உங்களுக்கு ஆயத்தர்களைத் தெரியவில்லை.

முதலில் கொத்தனாரின் ரசமட்டத்தை இரவல் வாங்கி வந்து, கல் சமமாக நிற்கிறதா என்று பார்த்தார். நிற்கவில்லை. மாடித் தளம் மழைத்தண்ணீர் வடிவதற்காகச் சரித்துப் போட்டது. அதில் எது சமமாக நிற்கும்? நாலு காலுக்கும் அட்டை வெட்டிச் செருகி, எடுத்து, மறுபடி செருகி நாலு நாள் ஆயிற்று. பிறகு கல்லைப் பழக்கும் படலம். இரும்பில் மெல்லிசாக எண்ணெய் தடவி, புகையும்வரை காயவைத்து, ஆறவைத்துத் துடைத்து, மறுபடி தடவ வேண்டும். தோசை ஒட்டாமல் வர இதை நாலைந்து தடவை செய்தால் போதும் என்று எல்லோரும் சொல்கிறார்கள். எல்லோரும் சொல்வதைக் கேட்கவா பீமராவ் நோட்டு போட்டிருக்கிறார்? நல்லெண்ணெயில் ஒரு வாரம், கடலை எண்ணெயில் ஒரு வாரம், ஆளிவிதை எண்ணெயில் ஒரு வாரம், பிறகு மூன்றும் ஒன்றோடொன்று சண்டை போடுமோ என்ற சந்தேகத்தில் சுத்தமாகச் சுரண்டிவிட்டு முதலிலிருந்து நல்லெண்ணெய். எழுந்த புகையைப் பார்த்துப் பக்கத்து வீட்டு வியாகுலம்மாள், "சார் வீட்ல தினமும் ஹோமமா?" என்று பிரேமலதாவிடம் பயபக்தியோடு விசாரித்தார்.

தினமும் காலையில் கல்லுப்புப் போட்டுத் தேய்த்து, உலர்ந்த துணியால் துடைத்து, பழைய வேட்டியால் போர்த்தி, அதன்மேல் தார்ப்பாயும் கட்டுவார். ஒரு தோசைகூட வார்க்காத கல்லை எதற்குத் துடைப்பது? இந்தக் கேள்வி உங்களுக்குத் தோன்றினால் நீங்கள் அந்த இனம் இல்லை. இப்போதைக்கு.

"எப்பங்க தோசை?" என்று பிரேமலதா கேட்பார்.

"இன்னும் பக்குவம் வரல பிரேமா."

நாற்பத்து மூன்று நாள் இப்படிப் போயிற்று. பிரேமலதா கீழே சமையலறையில் தன் சின்னக் கல்லில் தோசை வார்த்துத் தட்டில் போட்டு மாடிக்குக் கொண்டுவந்து கொடுப்பார். பீமராவ் அந்தப் பெரிய கல்லைத் தடவிக்கொண்டே அதைச் சாப்பிடுவார்.

அந்தச் சமயத்தில்தான் சுபஸ்ரீயின் விஷயம் முற்றியது. கூட வேலை பார்க்கும் தாயுமானவனை அவள் இரண்டு வருஷமாக விரும்பினாள். பையன் ஸ்ரீரங்கத்துக்காரன், தங்கமானவன். அவன் அம்மா சுஜாவுக்கு முழுச் சம்மதம். அப்பா சிவசங்கர்தான் இழுத்தடித்தார். கல்லூரியில் இயற்பியல் நடத்தி ஓய்வு பெற்றவர். வேண்டாம் என்று அவர் சொல்லவில்லை. "யோசிக்கிறேன்" என்றார். எட்டு மாதமாக யோசித்துக்கொண்டிருந்தார். கடைசியில், "குடும்பத்தைப் பார்த்துட்டுச் சொல்றேன்" என்ற இடத்துக்கு வந்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை டிபனுக்குக் கிளம்பினார்.

முதல் நாளே ஊருக்கு வந்த சுபஸ்ரீ, அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். "அப்பா, ப்ளீஸ். அவர் ஒரு தடவை வேணாம்னா முடிஞ்சு போச்சு. நாளைக்கு அந்தக் கல்லைப் பத்திப் பேசாதீங்கப்பா."

பீமராவ் அவள் கையைத் தட்டிக்கொடுத்தார். "பேசமாட்டேம்மா. வார்த்தே காட்டிடறேன். உனக்காக நாளைக்குத் திறப்பு விழா!"

சுபஸ்ரீ தலையில் கை வைத்துக்கொண்டாள்.

காலை ஆறு மணிக்கே பர்னர்களைப் பற்றவைத்தார். எட்டரைக்கு விருந்தாளிகள் வந்தபோது கல் நன்றாகக் காய்ந்துவிட்டது. ஆனால் நாலு மூலையும் நடுவும் ஒரேபோலக் காயவில்லை என்று பட்டதால் அணைத்துவிட்டு மறுபடி பற்றவைத்திருந்தார். மாவு வாளி நிரம்பப் பக்கத்தில் இருந்தது. மற்றவர்கள் கீழே கூடத்தில் உட்கார்ந்துவிட, சிவசங்கர் ஒருவர் மட்டும், மரியாதைக்காக, மாடி ஏறி வந்தார். உயரமான, ஒல்லியான மனிதர். வணக்கம் சொல்லிவிட்டுக் கல்லைப் பார்த்தார். குனிந்து, ஒரு கண்ணை மூடி, விளிம்போடு விளிம்பாகப் பார்த்தார்.

"ஆறு மில்லியா?" என்றார்.

பீமராவ் ஓர் அடி முன்னால் வந்தார். "ஆமாம் சார். எட்டு எடுத்திருக்கலாமோன்னு..."

"அதைத்தான் நானும் நாலு வருஷமா யோசிச்சிட்டிருக்கேன்." சிவசங்கரின் குரல் தழுதழுத்தது. "இன்னும் வாங்கலை. வெப்பமானி மட்டும் வாங்கிட்டேன். கார்ல இருக்கு, எடுத்துட்டு வரவா?"

துப்பாக்கி மாதிரி இருந்த அந்தக் கருவி வந்தது. கல்லைப் பன்னிரண்டு கட்டமாகச் சுண்ணக்கட்டியால் பிரித்துச் சுட்டுச் சுட்டுப் பார்த்தார்கள். நடுவில் இருநூற்று இருபது டிகிரி, ஓரத்தில் நூற்று எழுபது. பர்னரைக் குறைத்தார்கள், கூட்டினார்கள், காற்றுக்கு மறைப்பாகத் தார்ப்பாயைக் கட்டினார்கள். ஒன்பது மணிக்குக் கீழிருந்து பிரேமலதாவின் குரல் வந்தது. "தோசை ஆச்சாங்க?"

"கல்லு காயுது!" என்று இரண்டு குரல்கள் சேர்ந்து பதில் சொன்னபோது பீமராவ் அடைந்த ஆனந்தம் இருக்கிறதே, அது ஓய்வு பெற்ற நாளில் போட்ட மாலையிலும் கிடைக்காதது.

பத்து மணிக்குச் சண்டை வந்தது. கல்லை எப்படிச் சுத்தம் செய்வது என்பதில்.

"உப்பு, உலர்ந்த துணி. அவ்வளவுதான்" என்றார் பீமராவ்.

"ஹோட்டல்ல பார்த்ததில்லையா? கல்லு சூடா இருக்கும்போது தண்ணியைத் தெளிச்சு விளக்குமாத்தால ஒரு இழுப்பு. அழுக்கெல்லாம் ஆவியோட போயிடும்."

"தண்ணியா! என் கல்லு மேலயா!"

"ஏன், கல்லுக்குச் சளி பிடிச்சுடுமா?"

"சார், நாற்பத்து மூணு நாள் பழக்கியிருக்கேன்!"

"சார், முப்பது வருஷம் வெப்ப இயக்கவியல் நடத்தியிருக்கேன்!"

நடத்தியவர் நடத்தியதை நிரூபிக்க வேண்டாமா? செடிக்கு வைத்திருந்த தண்ணீர் வாளியை எடுத்தார். தெளிக்கத்தான் நினைத்தார். கோபத்தில் கை சாய்ந்துவிட்டது. வாளி முழுக்கக் கல்லின் நடுவில் போய் விழுந்தது.

டமார்!

மாடி முழுக்க வெள்ளை ஆவி. எதிர் மரத்துக் காக்கைகள் மொத்தமாகக் கிளம்பின. வியாகுலம்மாள் தன் வீட்டு வாசலுக்கு வந்து சிலுவைக் குறி போட்டுக்கொண்டார். ஆவி விலகியதும் பார்த்தால், அட்டை செருகிச் செருகிச் சமமாக்கிய கல், நடுவில் குழிந்து பெரிய வாணலி மாதிரிக் கிடந்தது.

சிவசங்கர் காலி வாளியோடு நின்றார். பீமராவுக்கு வாயில் வராத வார்த்தையில்லை. எல்லாம் நாக்கின் நுனியில் வந்து வரிசையாக நின்றன. அப்போது மாடிக் கதவருகே சுபஸ்ரீயைப் பார்த்தார். சத்தம் கேட்டு ஓடி வந்தவள், மூச்சு வாங்க, அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். இப்போது தான் ஒரு வார்த்தை தப்பாகப் பேசினால் அந்த 'யோசிக்கிறேன்' வேறொன்றாக மாறிவிடும் என்று அவருக்குத் தெரிந்தது.

வரிசையில் நின்ற வார்த்தைகளை ஒவ்வொன்றாக விழுங்கினார். கசப்பாகத்தான் இருந்தது. விழுங்கி முடித்தபோது, நெஞ்சில் ஏதோ லேசாகிவிட்டதை உணர்ந்து அவரே திகைத்தார். கல் கெட்டுவிட்டது. இனிமேல் அதைக் கெடுக்க யாராலும் முடியாது!

பேசாமல் பர்னரைத் தூண்டினார். ஈரம் உலர்ந்தது. ஒரு கரண்டி மாவை எடுத்து ஊற்றினார். மாவு சரிந்து குழிக்குள் ஓடி, நடுவில் தடித்து, ஓரத்தில் ஜரிகை போல மெலிந்து, தோசையுமில்லாமல் ஆப்பமுமில்லாமல் ஒன்றாக உட்கார்ந்தது. சுற்றி எண்ணெய் விட்டார். தோசைத் திருப்பியை அடியில் கொடுத்தார். அது சொன்னபடி கேட்டு, பூவாய் வழுக்கி வந்தது. பாதியைப் பிய்த்து, இலைகூட இல்லாமல், சிவசங்கரின் உள்ளங்கையில் வைத்தார்.

"ஸ்ஸ்... சுடுது!" இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றி, ஊதி, ஒரு வாய் போட்டார் சிவசங்கர். கண்ணை மூடினார். மென்றார். வாழ்க்கையில் எதையும் எட்டு மாதத்துக்குக் குறைந்து முடிவு செய்திராத மனிதர், வாய் நிறைய தோசையோடு, "கல்யாணத்தை வச்சுக்கலாம் சம்பந்தி" என்றார்.

சுபஸ்ரீ கீழே ஓடிய ஓட்டத்தில் மாடிப்படி அதிர்ந்தது. தகப்பனார்கள் இருவரும் கரி பூசிய கைகளோடு, செய்தி சொல்லும் மிடுக்கோடு பின்னால் இறங்கினார்கள். கூடத்தில் இலைகள் எடுத்தாகிவிட்டன. எல்லோரும் சாப்பிட்டுக் காபியும் குடித்தாகிவிட்டது. பிரேமலதாவும் சுஜாவும் காலண்டரைச் சுவரிலிருந்து கழற்றி மடியில் வைத்திருந்தார்கள்.

"நாங்க ஒரு முடிவுக்கு வந்திருக்கோம்" என்று ஆரம்பித்தார் சிவசங்கர்.

"நாங்க ஒன்பதேகாலுக்கே வந்துட்டோம்" என்றார் சுஜா. "தை மாசம் ரெண்டாவது முகூர்த்தம். மண்டபத்துக்குப் போன் பண்ணியாச்சு. உங்க ரெண்டு பேரையும் நம்பினா பசங்களுக்கு அறுபதாம் கல்யாணம்தான் பண்ணிவைக்கணும்."

பிரேமலதா தட்டில் இரண்டு தோசை வைத்து நீட்டினார். "உக்காருங்க சம்பந்தி. இது சின்னக் கல்லுல வார்த்தது. தப்பா நினைச்சுக்காதீங்க."

பீமராவ் அதோடு திருந்திவிட்டார் என்று முடிக்க எனக்கும் ஆசைதான். போன வாரம் அவரும் சம்பந்தியும் கல்யாணப் பத்திரிகைக்கு அட்டை பார்க்கப் போனார்கள். ஏழு கடை ஏறி இறங்கி, முந்நூறு கிராம் கனமா, இருநூற்றைம்பதா என்பதில் நிற்கிறார்கள். பத்திரிகை அச்சாகி, பாதி ஊருக்குக் கொடுத்தும் முடிந்துவிட்டது. அவர்களிடம் இன்னும் சொல்லவில்லை. சந்தோஷமாக இருக்கிறார்கள், ஏன் கெடுப்பானேன்?

சரி, நீங்கள் ஒன்று சொல்லுங்கள். இதைப் படித்துக்கொண்டு வரும்போது, 'ஆறு மில்லி போதாதுதான்', 'இரும்பைப் பழக்க ஆளிவிதை எண்ணெய்தானே சரி', 'தண்ணீரைச் சூடாக்கி ஊற்றியிருந்தால் வளைந்திருக்காதே' என்று ஒரு தடவையாவது மனதுக்குள் திருத்தினீர்களா? இல்லையா? நல்லது. இல்லை என்று சொல்லுமுன் இரண்டு நிமிஷம் யோசித்தீர்களே, அது எதற்கு?