துறையூராரின் நிரந்தர முகவரி

இலங்கையின் ஊவா மாகாணத்திலேயே பிறந்து வளர்ந்து, ஒரு நாள்கூட ஊவாவில் வாழாத மனிதர் ஒருவர் உண்டென்றால், அது எங்கள் லயத்துத் துறையூரார்தான்.

நமுனுகுல மலையில், எங்கள் தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசைவீடான இந்த லயத்தில் பிறந்தவர். வாழ்நாளில் அவர் போன அதிக தூரம் பதுளை ஆஸ்பத்திரி. ஆனால் அவருடைய தாத்தா தமிழ்நாட்டில் விட்டுவந்த துறையூருக்கு வழி கேட்டால், எந்தக் காலை முதலில் வைத்து பஸ்ஸைவிட்டு இறங்குவது என்பதுவரை சொல்வார். இங்கே மழை கொட்டினால், "எங்க ஊர்ல இப்படி மருவாதியில்லாம பெய்யாது" என்பார்.

ஒருமுறை கைப்பேசியில் துறையூர்ப் படத்தைக் காட்டினேன்.

"இது துறையூரு இல்லப்பா."

"பேரு போட்டிருக்கே மாமா."

"பேரு எவன் வேணுன்னாலும் போடுவான். பெருமாள் மலை எங்க?"

போன மாரியில் லயத்தின் பின்சுவர் பிளந்தது. மண்சரிவு அபாயமாம், கீழே காணியும் வீடும் தருவதாகப் படிவம் வந்தது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் முடித்த முதல் ஆள் நான் என்பதால், லயத்துப் படிவங்களெல்லாம் என்னிடம்தான் வரும். துறையூரார் தன் படிவத்தில் நிரந்தர முகவரிக்குத் துறையூரை எழுதச் சொன்னார். நான் தோட்டத்தின் பெயரை எழுதிக் கையெழுத்து வாங்கிவிட்டேன். பெரிய கெட்டிக்காரன் என்று நினைப்பு.

விசாரணைக்கு வந்த அதிகாரி லயத்து வாசலில் நின்று கேட்டார்: "நிரந்தர முகவரி இந்தத் தோட்டம்தானே?"

"யாரு சொன்னா?" என்றார் துறையூரார். "நான் இருக்குற காம்பரா கம்பெனியோடது. வேலை நின்னா எறங்குன்னுவான். இதுவாங்க நிரந்தரம்? நமக்குத் துறையூருங்க."

"அப்ப அங்க போய் வீடு கேளுங்க."

லயமே சிரித்தது. "ஐயா, இவரு இங்கதான் பொறந்தாரு" என்று நான் பின்னாலேயே ஓடினேன். "அவரே இல்லங்கிறாரே தம்பி" என்று அதிகாரி அவர் பெயரை வெட்டிவிட்டுப் போனார். மேல்முறையீடு மூன்று எழுதினேன். பதிலில்லை. துறையூரார் சொன்னதில் ஒரு சொல்லும் பொய்யில்லை என்பதுதான் இன்றும் எனக்கு ஆறவில்லை.

எங்களுக்கு வீடு கிடைத்தது. "எங்களோட வந்துருங்க மாமா" என்றேன்.

"விருந்தாளியா வாரேன். குடியிருக்க மாட்டேன்."

பிளந்த சுவருக்குச் சாக்கைத் தொங்கவிட்டு அங்கேயே இருக்கிறார். வானம் கறுத்தால் நான் மலையேறிப் போய் அழைத்து வருகிறேன். என்னையும் மழையையும் இந்த நாட்டையும் திட்டிக்கொண்டேதான் இறங்குவார். வழுக்குகிற இடங்களில் மட்டும் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொள்வார். சமதரைக்கு வந்த பிறகும் நான் விடுவதில்லை.