லெசோத்தோவை எழுத மறுத்தவர்

உலகத்திலுள்ள அத்தனை நாடுகளின் தாய்ப்பத்திரத்தையும் பார்த்துவிட்ட ஒரே மனிதர், மதுரைக்கு மேற்கே ஒரு ரிஜிஸ்தர் ஆபீஸுக்கு எதிரே, வேப்பமரத்தடியில் உட்கார்ந்து பத்திரம் எழுதிக்கொண்டிருந்தார். இதைச் சொன்னால் யாரும் நம்புவதில்லை. நம்பாதவர்கள் அவரிடம் பத்திரம் எழுதியிருக்க மாட்டார்கள்.

அவருடைய சொந்தப் பெயர் அவரது லைசென்ஸில் இருந்தது. ஊருக்கு அவர் 'பூகோளம்'. ஒரு மடக்கு மேசை, இரண்டு ஸ்டூல், அட்டை கிழிந்த உலகப்படப் புத்தகம், வீட்டில் ஒரு ஷார்ட்வேவ் ரேடியோ. இவ்வளவுதான் ஆஸ்தி. அவரைப் பொறுத்தவரை நாடு என்பது ஒரு பெரிய சொத்து. சரித்திரம் என்பது அந்தச் சொத்தின் வில்லங்க சர்டிபிகேட்.

காளவாசல் பக்கம் இரண்டு சென்ட் மனை வாங்க ஒருவர் வந்தார். பேனாவைத் திறக்கும் முன்பே பூகோளம் ஆரம்பித்துவிட்டார்.

"அலாஸ்காவை ரஷ்யாக்காரன் அமெரிக்காக்காரனுக்குக் கிரயம் பண்ணிக் கொடுத்தான் அண்ணே. வெறும் பனிக்கட்டிய வாங்கிட்டான்னு வாங்கினவன் ஊர்லயே சிரிச்சாய்ங்க. பின்னாடி பார்த்தா தங்கம், எண்ணெய்! வித்தவன் வாயைத் தொறக்க முடிஞ்சுச்சா? முடியாது. பத்திரம் சுத்தம். அதனால உங்களுக்கும் பூமிக்குக் கீழ உள்ள நிதி நிட்சேபம், பொதையல் உள்படன்னு ஒரு வரி போட்டிருக்கேன்."

மனை வாங்கியவர் அஸ்திவாரத்தை வழக்கத்தைவிட மூன்றடி ஆழமாகத் தோண்டியதாகக் கேள்வி. தங்கம் வரவில்லை. வீடு இன்றும் அசையாமல் நிற்கிறது.

மகளுக்கு வீடு எழுதிவைக்க வந்த ஒரு தகப்பனாருக்குப் பம்பாய் கிடைத்தது. "போர்ச்சுகல் ராசா, பொண்ணுக்குச் சீதனமா பம்பாயக் கொடுத்தான். இங்கிலாந்து மாப்பிள்ளை என்ன செஞ்சான்? கொஞ்ச வருஷத்துல கம்பெனிக்காரனுக்கு வாடகைக்கு விட்டுட்டான். வருஷத்துக்கு எம்புட்டுங்கிறீங்க? பத்துப் பவுன்! உங்க மாப்ள எப்படி?" தகப்பனார் வெகுநேரம் யோசித்துவிட்டு, மகள் சம்மதம் இல்லாமல் மாப்பிள்ளை தொட முடியாதபடி எழுதச் சொன்னார். பூகோளம் எழுதினார். அந்த ஒரு வரிதான் பின்னால் அந்தப் பெண்ணைத் தெருவில் நிற்காமல் காப்பாற்றியது.

ஹாங்காங் விஷயத்தில் மட்டும் அவருக்கு நிம்மதியே கிடையாது. அதன் பெரும்பகுதி இங்கிலாந்து சீனாவிடம் எடுத்த தொண்ணூற்றொன்பது வருடக் குத்தகை. முடிய இருபது வருடம்கூட இல்லை என்று எழுபத்தெட்டிலிருந்தே கவலைப்பட்டார். "காலி பண்ணுவாய்ங்கங்கிற? கோர்ட்டுக்குத்தான் இழுப்பாய்ங்க" என்று டீக்கடைக்காரரிடம் புலம்புவார்.

"அங்க நமக்குச் சொந்தக்காரங்க யாரும் இருக்காகளாண்ணே?"

"இல்லப்பா."

"அப்ப டீயக் குடிங்க, ஆறுது."

இப்படிப்பட்டவரிடம்தான் எங்கள் குடும்பப் பாகப்பிரிவினை போய்ச் சேர்ந்தது.

காரணம் நான். என் கல்யாணப் பத்திரிகையில் சித்தப்பா பெயர், அத்தை வீட்டுக்காரர் பெயருக்குக் கீழே போய்விட்டது. அச்சுக் கோத்தவர் வேலை. ஆனால் சித்தப்பா அதை அப்பாவின் திட்டம் என்றார். அப்பா, "ஆமாம்னே வச்சுக்க" என்றார். என் கல்யாணம் நடந்தது. அண்ணன் தம்பி பேச்சு நின்றது. எட்டு மாதம் கழித்துச் சொத்தைப் பிரித்தார்கள்.

சோழவந்தான் போகும் ரோட்டோரம் எங்கள் வீடு. அதற்குப் பின்னால் ஒரு வெற்றிலைக் கொடிக்கால், அதை ஒட்டி ஒரு ஓட்டு வீடு. இந்த இரண்டும் சித்தப்பாவுக்கு. சுற்றியுள்ளதெல்லாம் அப்பாவுக்கு. மதிப்பில் சமம்தான். சித்தப்பா ரோட்டுக்கு வர மட்டும் பாதை கிடையாது. அப்பா தரவில்லை, சித்தப்பா கேட்கவில்லை. கொடுத்தால் அப்பா தோற்றுவிடுவாராம், கேட்டால் சித்தப்பா தாழ்ந்துவிடுவாராம். "சுவரேறிக் குதிச்சுக்கிறேன்" என்று சொல்லியனுப்பினார். எட்டு மாதத்தில் இருவரும் ஒத்துப்போன ஒரே விஷயம், பாதை வேண்டாம் என்பதுதான்.

அந்தப் பத்திரம் பதிவாகிவிட்டால் இரண்டு வீடும் ஜென்மத்துக்கும் ஒட்டாது என்று எனக்குத் தெரியும். ஆனால் வாயைத் திறக்க எனக்கு யோக்கியதை இல்லை. கல்யாணப் பத்திரிகையே என்னுடையது.

ஒரு புதன்கிழமை காலை வேப்பமரத்தடிக்குப் போனோம். பன்னிரண்டுக்கு ராகு காலம். அதற்குள் கையெழுத்தாக வேண்டும். ஒரு ஸ்டூலில் அப்பா கிழக்கே பார்த்து, இன்னொன்றில் சித்தப்பா மேற்கே பார்த்து. நான் நடுவில் நின்றேன். பூகோளம், சித்தப்பா பங்குக்கு நான்கு எல்லை கேட்டார்.

"கிழக்கே?"

"என் வீடு" என்றார் அப்பா.

"மேற்கே?"

"என் வயல்."

"வடக்கே?"

"என் தென்னந்தோப்பு."

"தெற்கே?"

"என் களம்."

பூகோளம் பேனாவை மூடினார். "இது லெசோத்தோல்ல?"

"எது?"

"ஆப்பிரிக்காவுல இருக்கு. நாலு பக்கமும் ஒரே நாடு, நடுவுல இந்தக் குட்டி நாடு. மலையில ஏறி நின்னு ஊரைக் காப்பாத்திக்கிட்டாய்ங்க. என்ன பிரயோசனம்? எங்க போறதுன்னாலும் சுத்தி இருக்கிறவன் மொகத்துல முழிக்கணும். அண்ணே, நான் முப்பது வருஷமா எழுதுறேன். லெசோத்தோ எழுத மாட்டேன்."

"இவருகிட்ட என்னடா பேச்சு" என்று அப்பா காகிதங்களை அள்ளிக்கொண்டு பக்கத்து மேசைக்குப் போனார். அந்த எழுத்தர் வெள்ளைத்தாளில் நகல் எழுத ஆரம்பித்தார். பூகோளம் பின்னாலேயே போய் அவர் தலைக்கு மேல் நின்றுகொண்டார்.

"பொலிவியான்னு ஒரு நாடு. ஒரு காலத்துல கடல் இருந்துச்சு. சண்டையில சிலிக்காரன் கடற்கரைய எடுத்துக்கிட்டான். நூறு வருஷம் ஆச்சு அண்ணே. இன்னும் வருஷா வருஷம் கடலுக்குன்னு ஒரு நாள் வச்சு அழுகுறாய்ங்க. கடல் இல்லாத நாட்டுல கடற்படை வச்சிருக்காய்ங்க, ஏரியில ஓட்டிக்கிட்டு. வழியை மறிச்சா மறக்கவே மாட்டான் மனுசன்."

"அவன் அழுதா எனக்கென்ன, மாமனா மச்சானா?" என்றார் அப்பா.

பக்கத்து மேசைக்காரர் நகலைத் திரும்பப் பார்த்தார். மூன்றாவது வரியில் 'மேற்படி பொலிவியா' என்று எழுதியிருந்தார். தாளைக் கசக்கிப் போட்டுவிட்டு, "என்னால ஆகாதுங்க, அவருகிட்டயே போங்க" என்று கும்பிட்டார்.

மணி பதினொன்றரை. பூகோளம் இப்போது சித்தப்பா பக்கம் திரும்பினார்.

"ஏந்தம்பி, சுவரேறிக் குதிச்சுக்கிறேன்னியாமே, சரி. நாளைக்கே உனக்கு ஒண்ணு ஆயிருச்சுன்னு வையி. பாடைய எப்படி வெளிய கொண்டு போவாய்ங்க? சுவத்து மேல தூக்கி வீசுவாய்ங்களா?"

ஸ்டூல் உருண்ட சத்தம்தான் முதலில் கேட்டது. அப்பா பூகோளத்தின் சட்டையைப் பிடித்திருந்தார்.

"யோவ், நாக்கை அடக்கிப் பேசும்! என் தம்பியப் பார்த்து என் முன்னாடியே பாடைங்கிறீரு? அவன் நூறு வருஷம் இருப்பான்!"

"யாரோட தம்பி?" என்று கேட்டார் பூகோளம், சட்டையை விடுவித்துக்கொள்ளாமலே.

சித்தப்பா துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். தோள் குலுங்கியது.

"பாதை எத்தனை அடிண்ணே போடட்டும்?" என்று பேனாவைத் திறந்தார் பூகோளம்.

"பன்னெண்டு போடும்" என்றார் அப்பா.

"எதுக்குப் பன்னெண்டு? ஆறடி போதும்" என்றார் சித்தப்பா துண்டுக்குள்ளிருந்து.

"வெத்தலை லோடு ஏத்துற வண்டி திரும்ப வேணாமாடா, கூறுகெட்டவனே!"

எட்டு மாதத்தில் அப்பா அவரிடம் நேராகப் பேசிய முதல் வார்த்தை அதுதான்.

"அஞ்சு தென்னை போயிரும்ண்ணே, சொன்னாக் கேளு."

"என் மரம், நான் வெட்டுறேன். நீ யாருடா கேக்க?"

அதற்குப் பிறகு அரைமணி நேரம் வாய்ச்சண்டை. ஆபீஸ் பியூன் வெளியே வந்து பார்த்தார். ராகு காலம் வந்து உட்கார்ந்துவிட்டதை யாரும் கவனிக்கவில்லை. கடைசியில் பூகோளமே பத்தடி என்று தீர்ப்புச் சொல்லி, சூரிய சந்திரர் உள்ளவரை வண்டி மாடு ஆள் நடமாட்டத்துக்குப் பாத்தியம் என்று எழுதினார். கையெழுத்தானதும் அப்பா என்னைப் பார்த்து, "உங்க சித்தப்பனை ஸ்கூட்டர்ல ஏத்திட்டுப் போ. வெயிலு. நான் பஸ்ஸுல வாரேன்" என்றார்.

நான் கிளம்பும்போது பூகோளம் உலகப்படப் புத்தகத்தை முன்னும் பின்னும் புரட்டிக்கொண்டிருந்தார்.

"இதுக்கு எந்த நாடுண்ணே?" என்று கேட்டேன்.

"தேடிட்டேன் தம்பி. எனக்கு வேணாம்னு ஒருத்தன், இன்னும் எடுத்துக்கடான்னு ஒருத்தன். எல்லைக்கு இப்படிச் சண்டை போட்ட நாடு ஒண்ணுகூட இல்ல." கண்ணாடியைக் கழற்றி வேட்டியில் துடைத்தார். அது ஏற்கெனவே சுத்தமாகத்தான் இருந்தது.

அவர் கையைப் பிடித்து ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். 'வாரேண்ணே' என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தேன். இன்று அப்பாவும் இல்லை, பூகோளமும் இல்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தப் பத்தடிப் பாதையில் சித்தப்பா வீட்டுக்குச் சாப்பிடப் போகும்போது, அப்பாவுக்கு முன்னால் பூகோளம்தான் நினைவுக்கு வருகிறார். அப்பா கோபித்துக்கொள்ள மாட்டார்.