நான் காட்டாத மீன் கூட்டம்

மேடையேறி மானம் போனவர்கள் இந்த ஊரில் எத்தனையோ பேர். மேடையேறி, மீன் எங்கே இருக்கிறது என்று காட்டாத குற்றத்துக்காக மானம் போனவள் ராயபுரத்திலேயே நான் ஒருத்திதான். தப்பு என்னுடையது இல்லை. இதை இத்தனை வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன், என் வீட்டில் ஒருத்தராவது நம்ப வேண்டுமே!

ஐம்பதுகளின் நடுவில் நடந்தது. பி.எஸ்சி. முடித்துவிட்டு, பக்கத்துப் பெண்கள் பள்ளியில் நான் தற்காலிக விஞ்ஞான ஆசிரியை. (தற்காலிகம் என்றால், கோடை விடுமுறை வந்ததும் 'போய்ட்டு வாம்மா' என்பார்கள். அந்த 'வா' சும்மா மரியாதைக்கு.) வேலை நிரந்தரமாகாவிட்டால் தை பிறந்ததும் கல்யாணம் என்று நைனா கறாராகச் சொல்லிவிட்டார். பள்ளியின் கரஸ்பாண்டென்ட் ஐயாவுக்கோ என்மேல் ஒரே குறை. "இந்தப் பொண்ணு குரல் முதல் பெஞ்சைத் தாண்டாது. ஒரு வகுப்புப் பிள்ளைகளை எப்படி மேய்க்கும்?" என்பார். கடைசியில், "உங்க தெருப் படிப்பகத்துல ஆண்டு விழா வருதே, அதுல பேசு. நான் வந்து கேட்கிறேன். அப்புறம் பார்க்கலாம்" என்றார்.

என் தலைப்பு, 'விண்மீன் கூட்டங்களும் அவற்றைக் கண்டுபிடித்த அறிஞர்களும்'. பேசாமல் நட்சத்திரம் என்று வைத்திருக்கலாமே என்று இன்று எல்லோரும் கேட்கிறார்கள். ஊரே தூய தமிழில் முழங்கிக்கொண்டிருந்த காலம் அது. நான் மட்டும் நட்சத்திரம் என்று சொல்லிக்கொண்டு நிற்பதா?

விளம்பரம் அண்ணன் தேவராஜனின் பொறுப்பு. துறைமுகத்தில் கிளார்க். கப்பல் சாமான் விற்கும் கடையிலிருந்து பித்தளைத் தொலைநோக்கி ஒன்றை இரவல் வாங்கி வந்தவனும் அவன்தான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் நோட்டீஸ் அடி என்றால், "குப்பத்துல நோட்டீஸை எவன் படிக்கிறான்? தண்டோரா போட்டா வேலை முடிஞ்சுது" என்று ஒருவரைப் பிடித்து, தலைப்பை வாயால் சொல்லி அனுப்பிவிட்டான். அவர் வாயில் 'விண்' தங்கவில்லை. மீனவர் குப்பம் முழுக்க அவர் முழங்கியது இதுதான்:

"இதனால் அல்லாருக்கும் சொல்றது இன்னான்னா, மீன் கூட்டம் எங்கெங்க கீதுன்னு படிச்ச அம்மா ஒருத்தங்க இன்னிக்கு சாயங்காலம் படிப்பகத்துல தூரக்கண்ணாடி வச்சுக் காட்டுறாங்கோ!"

கார்த்திகை மாதம். கடல் கொந்தளித்து, போட்ட வலையெல்லாம் வெறுமனே திரும்பிக்கொண்டிருந்த வாரம். குப்பமே திரண்டு வந்துவிட்டது. எனக்கென்ன தெரியும்? இருபது நாற்காலி போட்ட இடத்தில் இருநூறு பேரைப் பார்த்ததும், விஞ்ஞானத்துக்கு ராயபுரத்தில் இவ்வளவு மவுசா என்று புல்லரித்துப் போனேன். முன்வரிசையில் கரஸ்பாண்டென்ட் ஐயா. அவருக்குப் பக்கத்து நாற்காலியில், எங்கள் தெருவுக்கு மீன் கொண்டுவரும் அஞ்சலை, மடியில் காலிக் கூடையோடு.

"பெரியோர்களே, தாய்மார்களே! கூட்டங்களில் சில நெருக்கமானவை, சில சிதறியவை. ஒரே கூட்டத்தில் லட்சக்கணக்கில் இருப்பதும் உண்டு" என்று ஆரம்பித்தேன்.

"லட்சமா!" என்று சபையே மூச்சை இழுத்தது. (இப்படி ஒரு சபை எந்த விஞ்ஞானிக்காவது கிடைத்திருக்குமா?)

மீசைக்காரர் ஒருவர் இரண்டு கையையும் அகல விரித்து அளந்து காட்டியபடி எழுந்தார். "எத்தினி பாகம் ஆழத்துல கீது, டீச்சரம்மா?"

வானத்தின் ஆழத்தையல்லவா கேட்கிறார்! "ஆழம் சொல்லி மாளாது, ஐயா. அங்கிருந்து வெளிச்சம் வந்துசேரவே வருஷக்கணக்காகும்."

"கட்டுமரத்துல போவ முடியுமா?"

ஆகா, என்ன கவித்துவம் என்று நினைத்தேன். "இன்று முடியாது. நாளை இயந்திரக் கலங்கள் போகும்" என்றேன், ஒரு புன்னகையோடு.

எஞ்சின் வைத்த படகுகள் ஒன்றிரண்டு கடலில் இறங்கி, கட்டுமரக்காரர்கள் வயிறெரிந்துகொண்டிருந்த நேரம் அது. "அப்போ எஞ்சின் போட்டுக்காரனுக்குத்தான் துப்பு சொல்லுவியா? எங்க வவுத்துல அடிக்க வந்துகீறியா?" என்று பின்னாலிருந்து கத்தினார்கள். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவசரமாகப் பேச்சை அறிஞர்கள் பக்கம் திருப்பினேன்.

"பிரெஞ்சு தேசத்தில் ஒருவர் இருந்தார். இந்தக் கூட்டங்களையும், புகை போன்ற வான்முகில்களையுமாக நூற்றுக்கும் மேலே பார்த்துப் பட்டியல் போட்டுவிட்டார்."

"பாத்தியா, வெள்ளக்காரன் முன்னாடியே வந்து அல்லாத்தையும் அளந்துகினு பூட்டான்!" என்றார் மீசைக்காரர்.

"ஆனால் அவருக்கு இவை வேண்டாம்! அவர் தேடியது வால்வெள்ளியை. இவை குறுக்கே வந்து ஏமாற்றியதால், ஒதுக்குவதற்காகத்தான் பட்டியலே போட்டார்."

அஞ்சலை கூடையைத் தரையில் வைத்துவிட்டு எழுந்தார். "லட்சம் மீனை வோணான்னு ஒதுக்கினானா? இன்னா கொயுப்பு அவனுக்கு!"

மீனை என்றார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. அண்ணனைத் தேடினேன். கடைசி வரிசையில் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தான், பாவி!

அடுத்ததாக யாரைப் பற்றிப் பேச இருந்தேன் தெரியுமா? பாட்டு வாத்தியார் ஒருவர் வானம் பார்க்கத் தொலைநோக்கி செய்தார். கண்ணாடி தேய்க்கும் அண்ணன் கையை எடுக்க முடியாது என்று, அவர் தங்கை அவருக்குச் சோறு ஊட்டினாள். அப்படி ஊட்டிய தங்கையே பிறகு வானத்தைத் துழாவி, முகில்களையும் கூட்டங்களையும் தானாகக் கண்டுபிடித்தாள். அவளுக்காக நான்கு பக்கம் எழுதி வைத்திருந்தேன். ஆண்ட்ரோமீடா என்ற மங்கல் புள்ளி நம் பால்வீதிக்கு வெளியே இருக்கும் தனி அண்டம் என்பதற்கு இரண்டு பக்கம். ஒரு வரி வாசிக்க விட்டார்களா? அந்த அண்ணனாவது கண்ணாடி தேய்த்தான். என் அண்ணன் என்ன செய்தான்?

அதற்குள் தொலைநோக்கியை முற்றத்துக்குத் தூக்கிப்போய், கடல் பக்கம் திருப்பிவைத்து, நான் முந்தி நீ முந்தி என்று இழுத்துக்கொண்டிருந்தார்கள். "கலீஜா ஒரே இருட்டா கீது, ஒண்ணும் தெர்லியே!" என்று கூச்சல். கரஸ்பாண்டென்ட் ஐயா கைத்தடியை எடுத்துக்கொண்டு எழுந்து நடந்தார். அவரோடு என் வேலையும் வாசலைத் தாண்டப்போகிறது. தூய தமிழ் எங்கே போனதோ தெரியாது.

"இன்னாய்யா பேஜார் பண்ணிகினு கீறீங்க? அல்லாரும் குந்துங்க! அது துன்ற மீனு இல்ல, வானத்து மீனு! மேல பாரு! ஒவ்வொருத்தரா வா! எவனாவது தள்ளினான், கைய ஒடிச்சிடுவேன்!"

படிப்பகத்து ஜன்னல் அதிர்ந்தது. குப்பம் மொத்தமும் குந்தியது. வெளியே போய்க்கொண்டிருந்த கரஸ்பாண்டென்ட் ஐயாவும் வாசற்படியில் குந்திவிட்டார்.

முதலில் அஞ்சலையைக் கூப்பிட்டு, கார்த்திகை நட்சத்திரக் கூட்டத்தைக் காட்டினேன். (ஆமாம், நட்சத்திரம் என்றுதான் சொன்னேன்.) வெகுநேரம் கண்ணை எடுக்கவில்லை.

"சோக்காத்தான் கீது, கண்ணு. ஆனா கொயம்பு வைக்க முடியாதே!" என்று சொல்லிவிட்டு, கூடையை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் கரஸ்பாண்டென்ட் ஐயா அழைத்தார். "நேத்து நீ பேசினதுல எனக்கு ஒண்ணும் புரியலை. ஆனா அந்தக் குரல் இருக்கே! ஒரு குப்பத்தையே உட்கார வெச்சுட்டியேம்மா. வேலை நிரந்தரம்."

காலில் விழக் குனிந்தேன்.

"நாளையிலேருந்து நீதான் டிரில் டீச்சர்!"

விஞ்ஞானத்துக்குத் தன் மைத்துனர் மகளைப் போட்டுக்கொண்டார். நான் ஓய்வுபெறும்வரை கழுத்தில் விசிலோடு, 'கையை மேலே தூக்கு, கீழே இறக்கு' என்று வெயிலில் நின்றேன். நிரந்தரமாயிற்றே என்று நைனா கல்யாணப் பேச்சைத் தள்ளிவைத்தார், அது ஒன்றுதான் லாபம். அந்தப் பிரெஞ்சுக்காரரையும், அவர் ஆசையாகத் தேடிய வால்வெள்ளிகளுக்காக யாரும் நினைப்பதில்லையாம். வேண்டாமென்று ஒதுக்கிய பட்டியலுக்காகத்தான் கொண்டாடுகிறார்களாம். மனுஷனுக்கு எப்படிக் கொதித்திருக்கும் என்று என்னைக் கேட்டால் சொல்வேன்.

இன்றைக்கும் வாசலில் மீன்காரம்மா குரல் கேட்டால் போதும். பல்லெல்லாம் போன என் அண்ணன் கூடத்திலிருந்து கூவுவான்: "மீனு வந்துகீது, கஸ்தூரி! 'விண்ணு' எப்ப வருதுன்னு கேளு!"

பேரப்பிள்ளைகள் உருண்டு உருண்டு சிரிக்கும். நான் அலமாரியிலிருந்து விசிலை எடுத்து ஒரு ஊது ஊதுவேன்.

மறுபேச்சில்லாமல் குந்திவிடுவான்.