செத்தவன் காப்பி குடித்த படம்

தனியாகச் சினிமா பார்ப்பவனுக்கு யாரும் பெண் கொடுக்கக் கூடாது. படம் முடிந்து பேச ஆளில்லாமல், அபிப்பிராயங்கள் அவனுக்குள்ளேயே புளித்துப் போயிருக்கும்.

ஐம்பதுகளில் ஆம்பூர்த் தோல் மண்டி ஒன்றில் நான் குமாஸ்தா. ஊரில் ஒரு தோஸ்த் கிடையாது. (எல்லோருடைய தப்பையும் விதிப்படி சுட்டிக்காட்டுபவனுக்கு எப்படிக் கிடைப்பான்?) இருந்த ஒரே துணை ஒரு சினிமா டைரக்டர். அது அவருக்குத் தெரியாது. ஒரு வருடம் புராணம் எடுப்பார். அடுத்த வருடம் வயிறு வலிக்கச் சிரிக்க வைப்பார். அதற்கடுத்து, பாட்டே இல்லாமல் ஒரு கொலை வழக்கு. எதை எடுத்தாலும், வசனம் நின்றபிறகும் அவருடைய கேமரா ஒரு முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கும். இதையெல்லாம் என் அறைச் சுவரிடம் விளக்கிச் சொல்லிவந்தேன்.

ஹெட் கிளார்க் இரக்கப்பட்டார். குடியாத்தத்தில் கைலித் தறி வைத்திருந்த அவருடைய அண்ணன், மகள் சரசுவோடு வந்திருந்தார். பெண் பார்ப்பதை டூரிங் டாக்கீஸில் வைத்துக்கொண்டோம். படமோ என் டைரக்டருடையது!

கதாநாயகனைச் சுட்டார்கள், சிதைக்குத் தீயும் மூட்டினார்கள். அடுத்த காட்சியில் அவன் காப்பி குடித்துக்கொண்டிருந்தான்.

"இன்னா தம்பி, செத்தவன் காப்பி குடிக்கிறான்?" என்றார் அண்ணன்.

கேள்வி கேட்க ஒரு மனிதர்! "அதான் சார் இவரோட ஸ்டைல். ஒரு தடவ எடுத்த மாதிரி மறுதடவ எடுக்கமாட்டாரு. இதுல கதையப் பின்னாலேர்ந்து சொல்றாரு. இனிமே அவன் சிரிச்சாலும் நமக்கு அழுகை வரும், பாருங்க."

எனக்கு வந்தேவிட்டது. சரசு அப்பாவைத் தாண்டி என்னை எட்டிப் பார்த்தாள்.

விளக்கு எரிந்தது. கொட்டகைக்காரர் திரை முன் வந்து கும்பிட்டார். "மன்னிக்கணும், ரீல் மாறிப்போச்சு. சரியாத் திரும்பப் போட்டுட்றோம்."

"தம்பி, இதுவும் ஸ்டைலா?"

அப்போதாவது வாயை மூடியிருக்கலாம். "இருக்கலாம் சார்" என்றேன்.

சரசு சிரித்தாள். அவள் குரலை நான் கேட்டது அவ்வளவுதான்.

மறுநாள் ஹெட் கிளார்க் தலையைச் சொறிந்தார். "பையன் நல்லவன்தான், ஆனா தறியில பாவு நூல் அறுந்தாலும் டிசைனுன்னு சொல்லுவான், வேணாம்னுட்டாரு அண்ணன்."

அதற்குப் பிறகு வேறு இடமும் அமையவில்லை.

ஓய்வுபெற்ற பின், வேலூரில் ஒரு கல்யாணப் பந்தி. பரிமாறுபவர் சாம்பாருக்கு முன்னால் மோரை ஊற்றிவிட்டார். "டைரக்டர் ஸ்டைல்!" என்று ஒரு குடும்பமே கூவிச் சிரித்தது. நடுவில், நரைத்த தலையோடு சரசு. என்னை அவளுக்கு அடையாளம் தெரியவில்லை.

பக்கத்து இலையிலிருந்த அவள் கணவர் என்னிடம் திரும்பினார். "எங்க வீட்டம்மாவப் பொண்ணு பாக்க வந்த ஒரு ஆளோட கதை சார். சொல்லட்டுமா?"

"சொல்லுங்க" என்றேன்.

பந்தி கலைந்த பிறகும் எழுந்திருக்காமல், என் பக்கத்திலேயே உட்கார்ந்து ரசித்து ரசித்துச் சொன்னார்.