எவரெட் பிளங்கெட் கையெழுத்துப் போடாத கடிதம்

மனிதர்களில் 'பிடி கொடுக்காதவர்' என்று ஒரு வகை உண்டு. உங்கள் காலை மிதித்துவிட்டால் மற்றவர்கள் மன்னிப்புக் கேட்பார்கள். இவர் குனிந்து பார்த்து, "இந்த எடத்துல ஒரு கால் இருந்திருக்கு போலிருக்கே" என்று கவலையோடு தகவல் சொல்வார். எல்லா ஊரிலும் எல்லா ஆபீசிலும் இவர்கள் விளைகிறார்கள். ஆனால் நன்றாக உரம் போட்டு வளர்த்த ஒருவரைப் பார்க்க வேண்டுமென்றால், நீங்கள் எங்கள் ஊர்ப் போலீஸ் தலைமையகத்தின் ஏழாவது மாடிக்கு வந்திருக்க வேண்டும். அங்கே இருபத்தாறு வருஷமாகக் கமிஷனர்களின் கடிதங்களை டைப் அடிக்கிறவள் நான். ஐந்து பேரைப் பார்த்துவிட்டேன். நான்கு பேர் கத்துவார்கள். ஐந்தாமவரான எவரெட் பிளங்கெட் கத்தவே மாட்டார், அதனாலேயே எனக்கு அவரிடம் பயம்.

பிளங்கெட் போலீசிலிருந்து வந்தவர் அல்ல, வக்கீல். இருபது வருஷம் நகரசபைக்காக வாதாடியவர். ஒரு ஜனவரியில் நகரசபைப் பஸ் ஒன்று பனியில் சறுக்கிக்கொண்டே போய்ப் பூக்கடையின் கண்ணாடியை உடைத்து, ரோஜா வைத்திருந்த குளிர்பெட்டி வரைக்கும் உள்ளே போய் நின்றது. 'அந்த வளைவுக்கு இவ்வளவு அருகில் கடை வைக்கப்பட்டிருந்ததை நீதிமன்றம் கவனிக்க வேண்டும்' என்று இவர் அடுக்கிய அடுக்கில், கடைக்காரரே கொஞ்சம் வெட்கப்பட்டுக்கொண்டு வீட்டுக்குப் போனார். பனியைக் கொட்டியது யார்? வானம். பஸ்ஸை ஓட்டியது யார்? 'அந்த நேரத்தில் ஓட்டுநர் இருக்கையில் காணப்பட்ட நபர்.' இப்படி இருபது வருஷம். நகரசபை இருபது வருஷத்தில் ஒரே ஒரு தப்புகூடச் செய்யவில்லை.

போலீஸ் மேல் ஊரே கொதித்துக்கொண்டிருந்த ஒரு தேர்தல் வருஷத்தில், மேயர் இவரைப் பிடித்துக் கமிஷனராக்கினார். வாழ்நாளில் ஒரு திருடனையும் துரத்தியதில்லை, ஆகவே இவர் மேல் ஒரு புகாரும் இல்லை. சுத்தமான கை என்றால் இதுதானே? தையற்காரர் வந்து அளவெடுத்து, நான்கு நட்சத்திரம் குத்திய சீருடை தைத்துக் கொடுத்தார். முதல் மாதம் முழுக்க, ஊரில் எத்தனை சர்ச் உண்டோ அத்தனை சர்ச்சின் கீழ்த்தளத்திலும் மடக்கு நாற்காலி போட்டு உட்கார்ந்து, காகிதக் கோப்பையில் ஆறிப்போன காப்பி குடித்து, எதிரில் யார் எழுந்து அழுதாலும் தலையைச் சாய்த்துக் கேட்டு, ஒரு சின்ன நோட்டில் எழுதிக்கொண்டு, "நீங்க சொன்னதை மனசுல வாங்கிக்கிட்டேன்" என்றார். ஜனங்கள் உருகிப்போனார்கள். அந்த நோட்டை ஒருநாள் நான் திறந்து பார்த்தேன். ஒவ்வொரு பெயருக்கு நேரேயும் அவரவர் வக்கீலின் பெயர் எழுதியிருந்தது. வக்கீல் இல்லாதவர்களுக்கு நேரே ஒரு சின்ன டிக்.

இப்படியே போயிருந்தால் நான் இதை எழுத வேண்டிய அவசியமே இருந்திருக்காது. வெர்னா டகெட் வந்து சேர்ந்தார்.

எங்கள் ஊரை ஆறு இரண்டாகப் பிரிக்கிறது. இந்தக் கரையில் நாற்பத்தொன்றாம் தெரு கிழக்கு, அந்தக் கரையில் நாற்பத்தொன்றாம் தெரு மேற்கு, வீட்டு எண்கள் இரண்டிலும் ஒன்றே. பீட்சா கொண்டுவருகிறவன்கூடக் 'கிழக்கா, மேற்கா' என்று கேட்டுக்கொண்டுதான் வண்டியை எடுப்பான். மார்ச் பதினொன்றாம் தேதி காலை எங்கள் ஆட்கள் கேட்கவில்லை. மேற்கு 618இல் போதைமருந்து விற்கிறவனைத் தேடிப் புறப்பட்டு, கிழக்கு 618இன் கதவை இடித்து உடைத்துக்கொண்டு உள்ளே போனார்கள். அங்கே வெர்னா அம்மாள் ஒன்பது குழந்தைகளுக்கு ஓட்ஸ் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தார். இருபத்திரண்டு வருஷமாக வீட்டிலேயே குழந்தைகள் காப்பகம் நடத்துகிறவர்.

யாருக்கும் அடிபடவில்லை. நகரசபை வேறு கதவும் போட்டுக் கொடுத்தது. ஆனால் போலீஸ் கதவை உடைத்த வீட்டில் எந்தத் தாய் குழந்தையை விடுவாள்? வாரத்துக்கு ஒன்றாகக் குழந்தைகள் வராமல் நின்றுபோயின. உரிமத்தைப் புதுப்பிக்கிற அலுவலகமோ, 'தவறுதலாக வந்தோம் என்று போலீஸ் எழுதித் தர வேண்டும், மே மாதக் கடைசிக்குள் அந்தக் கடிதம் வராவிட்டால் உரிமம் ரத்து' என்று சொல்லிவிட்டது. ஏப்ரலில் அந்தம்மாள், சர்ச்சுக்குப் போட்டுப் போகிற தொப்பியை மாட்டிக்கொண்டு ஏழாவது மாடிக்கு வந்தார்.

"எனக்குக் காசு வேணாம் சார். கதவும் போட்டுட்டீங்க, பழசை விட நல்லாவே இருக்கு. தப்பான வீட்டுக்கு வந்துட்டோம்னு ஒரே ஒரு வரி எழுதிக் குடுங்க."

"உங்க வேதனையை மனசுல வாங்கிக்கிட்டேன், மிஸஸ் டகெட்."

"மனசுல வாங்கினது போதும் சார். பேப்பர்ல எழுதுங்க."

எழுதினார். அவர் சொல்லச் சொல்ல டைப் அடித்தது நான். முதல் கடிதம்: 'மார்ச் 11 அன்று தங்கள் முகவரியில் காவல்துறையின் வருகை ஒன்று நிகழ்ந்தது.' ஏதோ கேக் எடுத்துக்கொண்டு பார்க்கப் போனதுபோல. உரிம அலுவலகம் திருப்பி அனுப்பியது. இரண்டாவது: 'திசைகள் தொடர்பாக எழுந்த வருந்தத்தக்க சூழ்நிலை.' அதுவும் திரும்பி வந்தது. மூன்றாவதற்கு ஒரு முழு மதியம் உட்கார்ந்து யோசித்து, ஏழு முறை திருத்தி, இப்படி முடித்தார்: 'திருமதி டகெட் அன்று ஏதேனும் குற்றம் செய்துகொண்டிருந்ததாகத் தற்போது எங்களிடம் தகவல் இல்லை.' அந்தத் 'தற்போது'வைப் பார்த்ததும், கடைசியாக மிச்சமிருந்த இரண்டு குழந்தைகளின் தகப்பனும் வந்து கூட்டிக்கொண்டு போய்விட்டான்.

வெர்னா அம்மாள் எனக்குப் போன் செய்தார்.

"ஏம்மா, நீதானே டைப் அடிக்கிறே? அவங்க தப்பான வீட்டுக்குத்தான் வந்தாங்கன்னு உனக்குத் தெரியும்ல?"

"தெரியும்மா."

"அப்ப நீயாவது சொல்லேன்."

"என் கையில ஒண்ணும் இல்லம்மா."

அவர் கோபப்படவில்லை. "வீடு ரொம்ப அமைதியா இருக்கும்மா, பொறுக்க முடியல" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார். எனக்கு அன்றைக்குப் பிளங்கெட்டைப் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது. உலுக்கவில்லை. அவருக்குக் காப்பி கலந்து கொடுத்தேன்.

மே இருபத்தொன்பதாம் தேதி டொமினிக் ராஸ்கோ என்ற காவலர், சீருடை இல்லாமல், தன் சொந்தக் காரில் அந்த வீட்டுக்குப் போனார். மார்ச்சில் அந்தக் கதவை இடித்தவர் அவர்தான். சமையலறை மேஜையில் உட்கார்ந்து, ஒரு வெள்ளைத் தாளில் பேனாவால் எழுதினார்: 'மார்ச் 11 காலை இந்த வீட்டுக் கதவை உடைத்தவன் நான். நாங்கள் போக வேண்டியது மேற்கு 618. வந்தது தப்பான வீடு. இந்த அம்மாள் ஒரு குற்றமும் செய்யவில்லை.' கீழே கையெழுத்து, பேட்ஜ் எண். உரிம அலுவலகப் பெண் படித்தாள், முத்திரை குத்தினாள். மூன்று மாதம் இழுத்த விஷயம் மூன்று நிமிஷத்தில் முடிந்தது. ஜூன் முடிவதற்குள் ஆறு குழந்தைகள் திரும்பி வந்தன.

பிளங்கெட் ராஸ்கோவைக் கூப்பிட்டனுப்பினார். அப்போதும் கத்தவில்லை.

"இதை யாரைக் கேட்டு எழுதினீங்க?"

"யாரையும் கேக்கல சார். கதவை உடைச்சது நான்தானே."

"உடைச்சேன்னு எழுதிட்டீங்களே, ராஸ்கோ. கதவு திறக்க நேர்ந்ததுன்னு எழுதியிருக்கலாமே?"

"அது தானாத் தெறக்கல சார்."

அனுமதியில்லாமல் அறிக்கை கொடுத்த குற்றத்துக்காகச் சம்பளமில்லாமல் முப்பது நாள் சஸ்பென்ஷன். ஆர்டரில் பிளங்கெட் கையெழுத்துப் போட்டார். அதற்கு மட்டும் ஒரு திருத்தமும் தேவைப்படவில்லை.

அந்த வருஷ இலையுதிர் காலத்தில் பிளங்கெட் ராஜினாமா செய்தார். இப்படிப்பட்டவரை யார்தான் கொத்திக்கொண்டு போகமாட்டார்கள்? ஏரிக்கரையில் கண்ணாடிக் கட்டடம் வைத்திருக்கிற பெரிய பாதுகாப்புக் கம்பெனி ஒன்று தலைவராக்கிக்கொண்டது. இப்போது ஹோட்டல்களில் மதிய விருந்துக் கூட்டங்களில், 'பொறுப்பேற்கும் பண்பாடு' என்ற தலைப்பில் பேசுகிறார். பழைய மரியாதைக்கு எனக்கும் ஒரு அழைப்பு வந்தது. போனேன். கோழியும் அவரைக்காயும் பரிமாறி முடிந்ததும் எழுந்து, "என் தலைமையில ஒரு சாதாரணக் காவலருக்குக்கூடத் தன் தவறைத் தன் கையால எழுதிக் குடுக்கற துணிச்சல் வந்துச்சு" என்றார். முந்நூறு பேர் எழுந்து நின்று கைதட்டினார்கள். முன்வரிசையில் ஒருவர், "அந்தக் காவலர் இப்ப என்ன ஆனார்?" என்று கேட்டார். பிளங்கெட் கண் இமைக்காமல், "கொஞ்ச நாள் ஓய்வெடுக்க அவருக்கு வாய்ப்பு வழங்கப்பட்டது" என்றார். அதற்கும் கைதட்டினார்கள்.

ராஸ்கோ அந்த முப்பது நாள் முடிந்து வேலைக்குத் திரும்பிய அன்று என்னோடு லிஃப்டில் ஏறினார். நாங்கள் இரண்டு பேர் மட்டும்தான்.

"அந்த ஆர்டரை அடிச்சது நீங்கதானேக்கா?"

"என்னப்பா செய்யறது. மேலேருந்து வந்துச்சு, அடிச்சேன். அப்போ அப்படி ஒரு சூழ்நிலை."

அவர் நான்காவது மாடியில் இறங்கிக்கொண்டார். லிஃப்ட் மறுபடி கிளம்பிய பிறகுதான் நான் சொன்னது எனக்கே உறைத்தது. நாற்காலிக்குப் போய்ச் சேரும்வரை முகம் எரிந்தது.

நீங்கள் இவ்வளவு நேரம் பிளங்கெட்டைப் பார்த்துச் சிரித்தீர்கள், சந்தோஷம். ஆனால் நான் லிஃப்டில் சொன்னதைப் படித்தபோது, 'பாவம், அவள்தான் என்ன செய்வாள்' என்று ஒரு கணம் தலையாட்டினீர்களா இல்லையா? உண்மையைச் சொல்லுங்கள். ராஸ்கோவிடம் நான் இன்னும் மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்கக்கூடாது என்றில்லை, சந்தர்ப்பம்தான் அமையவில்லை. உங்களுக்கும் யாரோ ஒருவரிடம் அப்படித்தானே?